மயக்க டாக்டரின் கழுத்து

அன்றைய முதல் அறுவை, ஏழு வயதுச் சிறுமி ஒருத்திக்கு டான்சில் எடுப்பது. பாப்பா தியேட்டருக்கு வெளியே குழாயடியில் நின்று முழங்கைவரை சோப்புப் போட்டுக் கை கழுவிக்கொண்டிருந்தாள். அப்போதுதான் மயக்க டாக்டர் வந்தார். பச்சைத் தியேட்டர் உடுப்புக்கு மேலே கழுத்தில் கம்பளி மஃப்ளர் சுற்றியிருந்தார்.

பாப்பா என்பது வீட்டில் கூப்பிடும் பெயர். வயது நாற்பத்திரண்டு ஆகிறது, காது மூக்கு தொண்டை மருத்துவர். இருந்தும் அக்காவுக்கு அவள் பாப்பாதான், அக்கா வீட்டுக்காரருக்கும் அப்படித்தான். அந்த அக்கா வீட்டுக்காரர்தான் இந்த மயக்க டாக்டர். இரண்டு பேருக்கும் ஒரே மருத்துவமனையில் வேலை. வீட்டில் "மாமா", தியேட்டரில் "சார்" என்று பாப்பா கவனமாக மாற்றிப் பேசுவாள். சில நாள் நாக்கு பிசகிவிடும். தியேட்டர் சிஸ்டர் முகமூடிக்குள்ளேயே சிரித்துக்கொள்வார்.

"தியேட்டருக்குள்ள மஃப்ளரா, சார்?"

"ஜலதோஷம்," என்றார் அவர்.

அந்தக் குரல் அவருடையதாகவே இல்லை. சூடான எதையோ வாய் நிறைய வைத்துக்கொண்டு, துப்பவும் முடியாமல் விழுங்கவும் முடியாமல் ஒருவர் பேசினால் எப்படி இருக்குமோ அப்படி இருந்தது. பாப்பா முழங்கையால் குழாயை மூடினாள்.

"இன்னொரு தடவ சொல்லுங்க."

"என்னத்த?"

"எதையாவது. உங்க பேரச் சொல்லுங்க."

அவர் எச்சிலை விழுங்கினார். அந்தச் சின்ன வேலைக்குக் கண்ணை இறுக மூடி, தலையை இடப்பக்கம் சாய்த்து, தோளைத் தூக்க வேண்டியிருந்தது. பிறகு கைக்குட்டையால் வாயோரத்தை ஒற்றினார். கைக்குட்டை முன்பே நனைந்து கிடந்தது.

பாப்பா ஈரக் கையோடு மஃப்ளரை உருவினாள். இடப்பக்கம் தாடையின் கோடு எப்போதும்போல இருந்தது. வலப்பக்கம் தாடை எங்கே முடிந்தது, கழுத்து எங்கே தொடங்கியது என்று சொல்ல முடியவில்லை. தோல் இழுத்துக் கட்டியதுபோல் சிவந்து மின்னியது. விரலால் அழுத்தினாள். மரக்கட்டைபோல் இறுகிக் கிடந்தது. நெருப்பாகச் சுட்டது.

"எத்தனை நாளா மாமா?"

"பல்லு வலிதான். கடவாய்ப் பல்லு. நானே மாத்திரை போட்டேன், கொறஞ்சுது, விட்டுட்டேன்."

"பல் டாக்டர்கிட்ட?"

"நேரம் எங்க இருக்கு?"

"சுகர் மாத்திரை போட்டீங்களா?"

அவர் சுவரைப் பார்த்தார். மற்றவர்களுக்குச் சர்க்கரை ஐந்து புள்ளி கூடினாலே அறுவையைத் தள்ளிவைத்து அமர்க்களம் பண்ணுகிற மனிதர் அவர்.

"வாயத் திறங்க."

ஒரு விரல் நுழையும் அளவுக்குத்தான் திறந்தது. அந்த இடுக்கில் டார்ச் அடித்துப் பார்த்தாள். நாக்கு மேலே எழும்பி அண்ணத்தை முட்டிக்கொண்டிருந்தது. பின்னால் எதுவும் தெரியவில்லை.

"குழந்த வெறும் வயித்தோட காத்திருக்கா பாப்பா," என்றார் அவர், ஒவ்வொரு சொல்லையும் தேடிப் பிடித்து. "மொதல்ல அவள முடிச்சிரலாம். அப்புறம் என்னப் பாரு."

"இன்னிக்கு யாருக்கும் ஆபரேஷன் கெடையாது. சிஸ்டர், அந்தக் குழந்தைக்கு ஏதாவது சாப்பிடக் குடுக்கச் சொல்லுங்க. சாருக்கு ஒரு வீல்சேர்."

"எனக்கு எதுக்கு வீல்சேர்? நடந்தே வருவேன்."

நடந்துதான் வந்தார். பாதி நடையில் சுவரைப் பிடித்துக்கொண்டார்.

பாப்பாவின் அறையில் அவரை நிமிர்ந்த நாற்காலியில் உட்காரவைத்து, மூக்கு வழியாக மெல்லிய கேமராக் குழாயை விட்டாள். திரையில் படம் வந்தது. தொண்டையின் வலப்பக்கச் சுவர் காற்றடைத்த பைபோல் உள்ளே பிதுங்கி நடுக்கோட்டைத் தாண்டியிருந்தது. மூச்சு போகிற வழி ஒரு ஓரமாக ஒதுங்கி, தேய்பிறைபோல் மெலிந்து கிடந்தது. குரல்நாண்களின் மேல்பகுதி ஊதி வெளுத்திருந்தது. பாப்பா பார்த்தாள். அவரும் பார்த்தார். இப்படிப்பட்ட படங்களை இருவரும் சேர்ந்து எத்தனையோ தடவை பார்த்திருக்கிறார்கள்.

பல்லின் வேரில் கட்டிய சீழ் தாடையைத் தாண்டி, கழுத்துக்குள் ஆழத்தில் இறங்கியிருந்தது. கழுத்தில் தசைக்கும் தசைக்கும் நடுவே மெல்லிய உறைகள் உண்டு. அந்த உறைகளுக்கு இடையே சீழ் புகுந்துவிட்டால் அதற்கு நெஞ்சுவரைக்கும் பாதை இருக்கிறது. அது அடுத்த ஆபத்து. இப்போதைய ஆபத்து, அந்தப் பிறை இன்னும் கொஞ்சம் மெலிந்தால் மூச்சு நின்றுவிடும் என்பது. இரத்தத்தில் சர்க்கரை நானூற்றைத் தாண்டியிருந்தது.

"கழுத்துல துளை போட்டு மூச்சுக்குழாய்க்குள்ள ட்யூப் வைக்கணும் மாமா. மொதல்ல அதான். ஸ்கேன், சீழ் எடுக்கறது எல்லாம் அப்புறம்."

அவர் வேண்டாம் என்று தலையை ஆட்டினார். "மூக்கு வழியா ட்யூப் விடலாம்."

"விடலாம். இந்தத் தொண்டையில அத விடத் தெரிஞ்சவர் இங்க ஒருத்தர்தான் இருக்காரு. அவரு நாற்காலியில உக்காந்திருக்காரு."

அது உண்மை. மருத்துவமனையின் இன்னொரு மயக்க டாக்டர் பிரசவ விடுப்பில் இருந்தார். பக்கத்து ஊர் மருத்துவமனையில் ஒரு மயக்க டாக்டர் அம்மா இருக்கிறார். அவர் ஏதோ பெரிய அறுவையின் நடுவில் இருப்பதாகவும், மதியத்துக்குமேல் வருவதாகவும் தொலைபேசியில் சொன்னார்கள். எல்லா வசதியும் உள்ள பெரிய மருத்துவமனை நெடுஞ்சாலையில் வெகுதூரம்.

"மொதல்ல ஸ்கேன்," என்றார் அவர். "சீழ் எங்க இருக்குன்னு தெரியாம கத்தி எடுப்பியா? ஆக்சிஜன் பாரு. தொண்ணூத்தேழு." விரலில் மாட்டியிருந்த கருவியைத் தூக்கிக் காட்டினார். "நான் சொல்றேன். ஒண்ணும் ஆகாது."

ஸ்கேனுக்கு மல்லாந்து படுக்க வேண்டும், படுத்தால் வீக்கம் மூச்சு வழியை அடைத்துவிடலாம். ஆக்சிஜன் கடைசி நிமிஷம்வரை நன்றாகத்தான் இருக்கும், விழும்போது மொத்தமாக விழும். இதைப் பாப்பாவுக்குச் சொல்ல வேண்டியதில்லை, அவருக்கும் சொல்ல வேண்டியதில்லை. ஆனால் அவர் மூத்தவர், அக்கா புருஷன், இருபத்தைந்து வருஷமாக மற்றவர்களின் மூச்சைக் கையில் பிடித்துவைத்திருந்தவர். வேண்டாம் என்ற சொல்லை அவள் மென்று விழுங்கினாள்.

"சரி. அஞ்சு நிமிஷம்தான். நானும் உள்ள வருவேன்."

ஸ்கேன் அறை குளிர்ந்து கிடந்தது. பாப்பா கனமான ஈயக் கவசத்தை மாட்டிக்கொண்டு இயந்திரத்தின் பக்கத்தில் நின்றாள். தியேட்டர் சிஸ்டர் உறிஞ்சு குழாயோடு மறுபக்கம் நின்றார். மயக்க டாக்டர் மேடையில் ஏறி உட்கார்ந்து, மெதுவாக, ஒரு முழங்கையில் ஊன்றிப் படுத்தார். முதுகு மேடையைத் தொட்டது. தலை தொட்டது.

ஒரு மூச்சு போயிற்று. அடுத்தது சீழ்க்கைபோல் ஒலித்தது. அதற்கடுத்தது வரவில்லை. நெஞ்சு மட்டும் ஏறியது, காற்று உள்ளே போகவில்லை. அவருடைய உள்ளங்கை மேடையை அறைந்தது, திரும்பவும் அறைந்தது. தொண்ணூற்றேழு எண்பத்தெட்டானது. எண்பத்தெட்டு எழுபத்தொன்பதானது.

"தூக்குங்க!"

இரண்டு பெண்களும் ஆளுக்கு ஒரு அக்குளில் கை கொடுத்து அந்தக் கனத்த உடம்பைத் தூக்கி உட்காரவைத்து முன்னால் கவிழ்த்தார்கள். இரத்தம் கலந்த எச்சில் நூலாக ஒழுகியது. சிஸ்டர் உறிஞ்சு குழாயை உதட்டோரம் வைத்தார். நீலம் பாரித்த உதடுகள் காற்றைத் தேடின. பிறகு எங்கிருந்தோ ஒரு நீண்ட கீச்சொலியோடு மூச்சு உள்ளே நுழைந்தது. பாப்பாவுக்கு உயிர் போய் உயிர் வந்தது. அவருடைய முதுகில் கைவைத்தபடி எண்கள் ஏறுவதைப் பார்த்துக்கொண்டு நின்றாள்.

தொண்ணூற்றைத் தாண்டியதும் அவர் நிமிர்ந்தார். கண்ணில் தண்ணீர். பேச முயலவில்லை. சுட்டுவிரலைத் தூக்கி, கழுத்தெலும்புகள் இரண்டும் சேருகிற பள்ளத்துக்கு ஒரு விரல்கடை மேலே வைத்துக் காட்டினார். இங்கே போடு.

தியேட்டரைத் தயார் செய்ய ஓடினார்கள். வெளியே வராந்தாவில் தகவல் கேட்டு அக்கா வந்து நின்றிருந்தாள். பள்ளிக்கூடத்தில் வேதியியல் சொல்லிக்கொடுக்கிறவள். பாதி வகுப்பில் போட்டது போட்டபடி எழுந்து வந்திருக்க வேண்டும், புறங்கையில் சாக்பீஸ் தூள். பாப்பா நின்றபடியே, சுற்றி வளைக்காமல் நிலைமையைச் சொன்னாள்.

அக்கா கேட்டுக்கொண்டாள். "யாரு பண்ணப்போறது?"

"நான்தான்."

"மயக்க மருந்து?"

"குடுக்க ஆள் இல்ல. குடுக்கவும் கூடாது. தூங்க வச்சா தொண்டை தளர்ந்து அப்பவே அடைச்சுக்கும். முழிச்சிருக்கும்போதே மரத்துப்போற ஊசி மட்டும் போட்டுப் பண்ணணும்."

"பெரிய ஆஸ்பத்திரிக்குக் கொண்டுபோலாம்ல?"

"அவ்வளவு தூரம் தாங்காதுக்கா."

அக்கா அவளைப் பக்கவாட்டில் இருந்த ஜன்னல் ஓரத்துக்கு இழுத்துப்போனாள். குரலைத் தாழ்த்தினாள்.

"உன் கை மேல எனக்குச் சந்தேகம் இல்ல பாப்பா. ஆனா ஏதாச்சும் ஒண்ணு ஆயிருச்சுன்னா, அப்புறம் ஜென்மத்துக்கும் உன் மூஞ்சிய என்னால பாக்க முடியாது. எனக்கு உன்ன விட்டா யாரு இருக்கா? அதான் வேண்டாங்கறேன். வேற யாராவது பண்ணட்டும்."

"எனக்கும் அந்தப் பயம்தான்," என்றாள் பாப்பா. "இப்ப ஸ்கேன் ரூம்லயே பாத்துட்டேன், இந்தக் கையாலயே தூக்கி உக்கார வச்சேன். இன்னொரு ஆள் வர்ற வரைக்கும் அவரோட மூச்சு காத்திருக்காது. நான் உள்ள போகணும். நீ சரின்னு சொல்லு."

அக்கா சரி என்று சொல்லவில்லை. பாப்பாவின் மணிக்கட்டைப் பிடித்திருந்த கையை எடுத்தாள். எடுத்த கையை எங்கே வைப்பதென்று தெரியாமல் சேலைத் தலைப்பைப் பிடித்துக்கொண்டாள். பாப்பா உள்ளே போனாள்.

அவரைப் படுக்கவைக்கவில்லை. மேடையின் தலைப்பக்கத்தை உயர்த்தி, சாய்நாற்காலியில் இருப்பதுபோல் உட்காரவைத்தார்கள். மூக்கருகே ஆக்சிஜன். கழுத்தில் மஞ்சள் மருந்து தடவித் துணி போர்த்தினார்கள். முகத்தை மூடவில்லை; மூடினால் பதறுவார் என்று பாப்பாவுக்குத் தெரியும். அவர் கண்கள் கூரை விளக்கிலிருந்து இறங்கி, தட்டில் இருந்த கருவிகளை ஒவ்வொன்றாகப் பார்த்தன. திடீரென்று கையை உயர்த்திச் சுவரோரம் சுட்டினார். உறிஞ்சு இயந்திரத்தின் பொத்தானை யாரும் அழுத்தியிருக்கவில்லை. சிஸ்டர் போய் அழுத்தினார்.

"இந்த நெலமையிலயும் சாருக்கு எங்கள மேய்க்கணும்," என்று முணுமுணுத்தார். யாரும் சிரிக்கவில்லை. ஆனால் அறையில் இருந்த இறுக்கம் ஒரு நூல் தளர்ந்தது.

"மாமா, ஊசி போடறேன். எரியும்."

எரிந்தது. புண்பட்டு வீங்கிய சதையில் மரத்துப்போகும் மருந்து பாதிதான் வேலை செய்யும். அது அவருக்கும் தெரியும். மேடையின் விளிம்பைப் பிடித்துக்கொண்டார்.

பாப்பா விரலால் நடுக்கோட்டைத் தேடினாள். சாதாரணக் கழுத்தில் கண்ணை மூடிக்கொண்டு சொல்லிவிடலாம், இங்கே குரல்வளை, இங்கே முதல் வளையம் என்று. இந்தக் கழுத்தில் எல்லாம் வீக்கத்தில் மூழ்கிப்போய், நடுவே மூச்சுக்குழாயும் இடப்பக்கமாக ஒதுக்கப்பட்டிருந்தது. கீழே, கழுத்தெலும்புப் பள்ளத்தில் மட்டும் லேசாகத் தட்டுப்பட்டது. அங்கே கத்தியை வைத்தாள்.

தோல் பிரிந்தது. அதன் கீழே கொழுப்பு நீர் கோத்து வெளிறியிருந்தது. தசைகளை இருபக்கமும் விலக்கிச் சிஸ்டர் கொக்கிகளால் பிடித்துக்கொண்டார். குறுக்கே ஒரு தடித்த இரத்தநாளம் ஓடியது. கட்டினாள், வெட்டினாள். இரத்தம் ஊறிக் குழியை நிறைத்தது, உறிஞ்சினார்கள், மறுபடி நிறைந்தது. ஒவ்வொரு மூச்சுக்கும் அந்தக் குழி முழுவதும் மேலும் கீழும் அசைந்தது. மூச்சு கீச்சிட்டது. கீச்சு மெலிந்துகொண்டே வந்தது.

"எண்பத்தொம்பது டாக்டர்," என்றார் சிஸ்டர்.

பாப்பா சற்றே தண்ணீர் நிரப்பிய ஊசியைக் குழியின் ஆழத்தில், இடப்பக்கம் சாய்த்துச் செலுத்தி, அதன் தண்டைப் பின்னால் இழுத்தாள். காற்றுக் குமிழி வரவில்லை. தவறான இடம். ஊசியை எடுத்தாள். அக்காவின் முகம் நினைவுக்கு வந்தது, அதைத் தள்ளிவைத்தாள்.

"எண்பத்திரண்டு."

விரலை மறுபடி குழிக்குள் விட்டாள். இன்னும் இடப்பக்கம். அவள் நினைத்ததைவிட அதிகமாகவே ஒதுங்கியிருந்தது. நுனிவிரலுக்குக் கீழே ஏதோ ஒன்று வரிவரியாகத் தட்டுப்பட்டது. அவருடைய கண்கள் அவளையே பார்த்துக்கொண்டிருந்தன. கால்கள் உதைக்கத் தொடங்கியிருந்தன.

"மாமா, இன்னும் கொஞ்சம். அசையாதீங்க. கெடச்சிருச்சு."

ஊசியைச் செலுத்தி இழுத்தாள். தண்ணீருக்குள் குமிழிகள் கொப்பளித்து ஏறின. காற்று. அந்த இடத்திலேயே, அந்த வளையங்களுக்கு நடுவிலேயே, கத்தியை வைத்தாள்.

உஸ்ஸென்று ஒரு சத்தம். அடுத்த கணம் அவர் இருமினார். அந்தத் துளை வழியாக இரத்தமும் சளியும் பாப்பாவின் கண்ணாடியில் தெறித்தன. இருமினால் காற்று இருக்கிறது என்று அர்த்தம். அவள் கண்ணாடியைத் துடைக்கவில்லை. ட்யூபை வாங்கி வளைவாக உள்ளே இறக்கினாள். ஆக்சிஜனை அதில் மாட்டினார்கள். நெஞ்சு ஏறியது, இறங்கியது, சத்தமே இல்லாமல். திரையில் மூச்சின் அலை ஒன்றன்பின் ஒன்றாக வரத் தொடங்கியது.

தொண்ணூறு. தொண்ணூற்றாறு. தொண்ணூற்றொன்பது.

மயக்க டாக்டர் கண்ணை மூடினார். மூச்சுக்காகப் போராடி ஓய்ந்த உடம்பு மேடையில் அப்படியே தொய்ந்தது. எல்லோருடைய கண்ணும் திரைக்குப் போனது. பிறகு அவர் குறட்டைவிடும் ஆள்போல் ஆழமாக மூச்சு வாங்குவதைப் பார்த்தார்கள். தூங்கிவிட்டார். ராத்திரி முழுக்க மூச்சுத் திணறலில் படுக்கவே முடியாமல் உட்கார்ந்திருந்தாராம். அதை அக்கா பிறகு சொன்னாள். கேட்டதற்கு, படிக்கிறேன் என்றாராம்.

இப்போது படுக்கவைத்து ஸ்கேன் எடுக்க முடிந்தது. படம் தெளிவாக இருந்தது. சீழ் வலப்பக்கத் தாடைக்கு உள்ளே தொடங்கி, தொண்டைக்குப் பின்னால் போய், கழுத்தெலும்பின் உயரம்வரை இறங்கியிருந்தது. நெஞ்சுக்குள் இன்னும் நுழையவில்லை. வாசல்படியில் நின்றுகொண்டிருந்தது.

மதியம் பக்கத்து ஊர் அம்மா கையில் பையோடு விறுவிறுவென்று வந்து சேர்ந்தார். கழுத்துத் துளை வழியாகவே மயக்கம் கொடுத்தார். பாப்பா வலப்பக்கக் கழுத்தில் நீளமாகக் கீறினாள். பெரிய இரத்தக் குழாயைத் தொடாமல் அதன் ஓரமாகவே விரலை உள்ளே செலுத்தி, உறைகளைத் துழாவிப் பிரித்தாள். ஓரிடத்தில் விரல் சட்டென்று வெற்றிடத்தில் விழுந்தது. சாக்கடை அடைப்பு எடுத்ததுபோல் நாற்றம் தியேட்டர் முழுவதும் பரவியது. சாம்பல் நிறத்தில் சீழ் கொட்டியது. கிண்ணம் நிறைந்து இன்னொரு கிண்ணம் கேட்டார்கள். கொஞ்சத்தை எந்தக் கிருமி என்று பார்க்க அனுப்பினார்கள். பள்ளங்களை எல்லாம் கழுவி, மிச்சம் வடிந்துவர ரப்பர் குழாய்களை உள்ளே வைத்தார்கள். அந்தக் கடவாய்ப் பல்லையும் பல் டாக்டர் வந்து பிடுங்கிப் போட்டார்.

பாப்பா வெளியே வந்தபோது அக்கா அதே ஜன்னல் ஓரத்தில் நின்றுகொண்டிருந்தாள். "நல்லா இருக்காரு," என்றாள் பாப்பா. அக்கா தலையசைத்தாள். கிட்டே வரவில்லை. பாப்பாவின் கழுத்தோரம் காய்ந்திருந்த இரத்தத்தைப் பார்த்தாள், முகத்தைத் திருப்பிக்கொண்டாள்.

அடுத்து வந்த நாட்கள் சுலபமாக இல்லை. காய்ச்சல் விட்டு விட்டு வந்தது. இன்சுலின் சொட்டுச் சொட்டாகப் போய்க்கொண்டிருந்தது. காலையும் மாலையும் பாப்பா புண்ணைக் கழுவினாள். வடிகால் குழாயில் வருவது சாம்பல் நிறத்திலிருந்து மஞ்சளாகி, பிறகு வெறும் நீராகியது. இரண்டாவது ஸ்கேனில் நெஞ்சு சுத்தமாக இருந்தது. மயக்க டாக்டர் ட்யூபோடு, குரல் இல்லாமல், சைகையாலேயே தீவிர சிகிச்சைப் பிரிவை நடத்த ஆரம்பித்தார். எந்த அலாரம் அடித்தாலும் நர்ஸ்களுக்கு முன்னால் அவர் எழுந்து உட்கார்ந்துவிடுவார். மற்ற நோயாளிகளின் திரைகள் அவர் கண்ணில் படாத பக்கமாகக் கட்டிலைத் திருப்பிப் போட்டார்கள்.

அக்கா தினமும் வந்தாள். பாப்பாவோடு ஒன்றிரண்டு சொல்லுக்குமேல் பேசவில்லை. கோபம் இல்லை என்று பாப்பாவுக்குத் தெரிந்தது. என்னவென்று மட்டும் தெரியவில்லை.

ட்யூபை எடுப்பதற்கு முந்தைய நாள் அக்காவே அவள் அறைக்கு வந்து நோயாளி நாற்காலியில் உட்கார்ந்தாள்.

"அந்த ஸ்கேன் ரூம்ல என்ன நடந்துச்சு? சிஸ்டர் அரையும் குறையுமா சொன்னாங்க."

பாப்பா மறைக்கவில்லை. படுக்கவைக்கக் கூடாது என்று தெரிந்திருந்தும், அவர் கேட்டதால் படுக்கவைத்ததைச் சொன்னாள்.

அக்கா மேசைமேல் இருந்த காது பார்க்கும் கருவியைத் திருப்பித் திருப்பிப் பார்த்தாள்.

"அவரு அப்படித்தான் பேசுவாரு. ஒண்ணும் இல்லன்னு சொன்னா ஒண்ணும் இல்லன்னு நம்பற மாதிரி. அன்னிக்கு ராத்திரி நானும் நம்பிட்டுப் போய்ப் படுத்தேனே. பக்கத்து ரூம்ல மனுஷன் மூச்சு முட்டிக் கெடந்திருக்காரு, நான் நல்லாத் தூங்கியிருக்கேன்." கருவியை வைத்தாள். "இத்தன நாளா உன்னப் பாக்கும்போதெல்லாம் எனக்கு அதான் ஞாபகம் வந்துச்சு. நீ ஓடி ஓடிப் பாத்த. நான் தூங்கினேன்."

"அக்கா."

"இரு. சொல்லிட்டேன். அவ்வளவுதான்." எழுந்து முகத்தைத் துடைத்துக்கொண்டாள். "சாப்பிட்டியா?"

சாப்பிடவில்லை. இருவரும் கேன்டீனுக்குப் போனார்கள்.

மறுநாள் முற்பகல் பாப்பா ட்யூபை உருவினாள். துளையின்மேல் மடித்த துணியை வைத்து, பேசும்போது இதை விரலால் அழுத்திக்கொள்ள வேண்டும் என்று சொன்னாள். மயக்க டாக்டருக்கு அதெல்லாம் தெரியும். ஆனாலும் முதல் தடவை கேட்பவர்போல் கேட்டுக்கொண்டார். வலப்பக்கக் கழுத்தில் தையல் நீளமாக ஓடியது. கன்னங்கள் ஒட்டி, மனிதர் பாதியாகியிருந்தார்.

அவர் துணியை அழுத்தினார். அக்கா கட்டிலின் காலடியில் நின்றாள். தியேட்டர் சிஸ்டரும் வேலை இருப்பதுபோல் கதவோரம் வந்து நின்றார்.

கரகரவென்று, துருப்பிடித்த கீல் திறப்பதுபோல் ஒரு சத்தம் வந்தது. இருமினார். மறுபடி முயன்றார்.

"பசிக்குது," என்றார்.

அக்கா சூப் கொண்டுவந்த ஃப்ளாஸ்கை எடுத்து மூடியைத் திருகினாள். மூடி அசையவில்லை. பாப்பா கை நீட்டி வாங்கி, இடுப்பில் அணைத்துப் பிடித்துத் திருகித் திறந்து கொடுத்தாள்.